முதுகு காட்டி நின்ற பெண்

ஹூசும்
15 மார்ச் 1959

வலது பாதத்தால் இடது காலின் ஆடுசதையை மெல்லத் தேய்த்துக்கொண்டு நின்றாள் அந்தப் பெண். முகம் தெரியவில்லை. முதுகு மட்டும்தான். அவளுக்கு முன்னால் ஒரு கொழுத்த போலீஸ்காரர் கால்வாயில் விழுந்தார், திரையரங்கே சிரித்தது. நான் அந்தக் காலையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

அன்புள்ள ஆல்வின் மாமா, வணக்கம் சொல்லாமல் ஆரம்பித்துவிட்டேன், மன்னியுங்கள். நான் கெர்லிண்டா, உங்கள் தங்கை வீப்காவின் மகள். நீங்கள் என்னைப் பார்த்ததில்லை. எனக்குப் பதினாறு வயது. பள்ளியில் எழுந்து நின்று வாசிக்கச் சொன்னால் தொண்டை அடைத்துக்கொள்ளும். அதனால் சீக்கிரமே நின்றுவிட்டேன். இப்போது ஊர்த் திரையரங்கில் டிக்கெட் கூண்டில் உட்கார்ந்திருக்கிறேன். கண்ணாடிக்குப் பின்னால் இருந்தால் "முன்னாலயா, பின்னாலயா?" என்று கேட்டால் போதும்.

முதலாளியம்மா திருமதி பாய்சன் இந்த வருஷம் ஞாயிறு காலைகளில் உங்கள் படங்களாகப் போடுகிறார். "வீட்டுக்கு வீடு டெலிவிஷன் வந்து நம்ம வயித்துல அடிக்குது. நம்ம ஊர்ப் பையன் ஒருத்தன் எடுக்காத வகைப் படமே கிடையாது, அவனுக்கு அறுபத்தஞ்சு வயசாகுது. அவனைக் காட்டியாவது கூட்டம் சேர்ப்போம்" என்றார். இன்று முதல் படம், போலீஸ்காரர் சிரிப்புப் படம். அந்தப் போலீஸ்காரரே நீங்கள்தான் என்று ஆபரேட்டர் நோமன்சன் சொன்னபோது நான் நம்பவில்லை.

அம்மாவைக் கூப்பிட்டேன். "இறால் கெட்டுப்போயிடும்" என்றாள். துறைமுகத்திலிருந்து கூடை கூடையாக வரும் சின்ன இறாலை வீட்டிலேயே உரித்துக் கொடுக்கிறோம். படம் முடிந்து நான் வீட்டுக்குப் போனபோது அம்மா அடுப்படியில் நின்றிருந்தாள். வலது பாதத்தால் இடது ஆடுசதையைத் தேய்த்துக்கொண்டு.

மாமா, படத்தில் இருப்பது அம்மாவா?

அம்மாவுக்குத் தெரியாமல் எழுதுகிறேன். முகவரி உங்கள் கிறிஸ்துமஸ் வாழ்த்தட்டையில் இருந்தது. அந்த அட்டைகளை அம்மா எரிப்பதில்லை, சுவரில் குத்தி வைப்பதும் இல்லை. போன அட்டையில் எழுதியிருந்த உங்கள் இடுப்புவலி குறைந்ததா என்று கேட்டு முடிக்கிறேன்.

கெர்லிண்டா


மியூனிக்
5 ஏப்ரல் 1959

கெர்லிண்டா கண்ணு,

இடுப்புவலி என்னோடு நன்றாகப் பழகிவிட்டது. காலையில் எனக்கு முன்னால் அதுதான் எழுந்திருக்கிறது. நீ சுகமாக இருக்கிறாய் என்று உன் எழுத்தே சொல்கிறது, ஒழுங்காக வரிசையில் நிற்கிறது.

உன் கடிதத்தை நின்றுகொண்டே வாசித்தேன், பிறகு உட்கார்ந்து ஒரு தரம். ஆமாம், கால்வாயில் விழுந்தது நானேதான். அந்த வேடக்காரருக்கு அன்று ஜலதோஷம், தண்ணீரில் இறங்க மாட்டேன் என்றார். இயக்குனர் நான், எழுதியவன் நான், வயிற்றில் தலையணை கட்டிக்கொண்டு விழுந்ததும் நான். தலையணை தண்ணீரை உறிஞ்சி என்னைக் கீழே இழுத்தது. கேமராக்காரர் நான் நடிக்கிறேன் என்று நினைத்துச் சிரித்துக்கொண்டே படம் பிடித்தார்.

நம் ஊரில் கூடாரத்தில் படம் காட்ட வந்தவனோடு நான் ஓடிப்போனபோது உன் அம்மா தொட்டிலில் இருந்தாள். அவனுக்கு மெஷின் சுற்றினேன். பிறகு பெர்லினில் ஸ்டூடியோவுக்குச் சுண்ணாம்பு அடித்தேன், கேமரா தூக்கினேன், ஒரு நாள் இயக்குனர் குடித்துவிட்டு வராததால் நானே இயக்கினேன். அப்புறம் எல்லாம்தான். சிரிப்பு, துப்பறிதல், ஆட்டபாட்டம், பனிமலை. நான் எடுத்த பனிச்சரிவு முழுக்க உப்பும் மைதாவும். அடியில் நின்ற நடிகருக்கு ஒரு வாரம் எதைச் சாப்பிட்டாலும் கரித்ததாம்.

மூன்று படங்களைப் பற்றி உனக்கு எழுத மாட்டேன். போருக்கு முன்னால் ஆட்சியில் இருந்தவர்கள் எடுக்கச் சொன்னவை, எந்த வருஷங்கள் என்று உனக்கே தெரியும். சிரிக்கச் சிரிக்கத்தான் எடுத்தேன், அதுதான் மோசம். அதன் பிறகு கொஞ்ச காலம் காட்டுக்குள் போய் நரிகளை மட்டும் படம் பிடித்தேன். நரிக்குக் கையை உயர்த்தி வணங்கத் தெரியாது.

அப்புறம் பொம்மைப் படம், குழந்தைகளுக்கு தேவதைக் கதை. இப்போது டெலிவிஷனுக்கு சோப்பு விளம்பரம். உங்கள் திருமதி பாய்சனிடம் சொல்லாதே, நான் எதிரி முகாமில் இருக்கிறேன்.

வீப்கா சுகமா? ஒரு வரி எழுது, போதும்.

மாமா ஆல்வின்


ஹூசும்
26 ஏப்ரல் 1959

அன்புள்ள மாமா,

அம்மா சுகம். ஒரு வரி கேட்டிருந்தீர்கள்.

நான் கேட்டதற்கு மட்டும் பதில் வரவில்லை. மறந்திருப்பீர்கள் என்று நினைத்துக்கொண்டேன்.

துப்பறியும் படம் போட்டார்கள். ரயில் நிலையத்தில் பெட்டியோடு ஒரு பெண், முதுகு காட்டி. பனிமலைப் படத்தில் மலையேறுகிறவர்களை வழியனுப்ப வந்த கும்பலில் ஒரு பெண், முதுகு காட்டி. ஆட்டபாட்டப் படத்தில் எல்லோரும் ஆடுகிறார்கள், ஒருத்தி மட்டும் தூணுக்குப் பக்கத்தில், முதுகு காட்டி. ஒவ்வொரு தடவையும் அந்தக் கால்.

இதுவரை சரி. இன்று தேவதைக் கதை போட்டார்கள். கிணற்றடியில் ஒருத்தி குடத்தோடு நிற்கிறாள். அவளும் வலது பாதத்தால் இடது ஆடுசதையைத் தேய்க்கிறாள். ஆனால் இந்தப் படம் ஆறு வருஷத்துக்கு முன்னால் எடுத்தது. அப்போது அம்மா இங்கே என்னோடு இருந்தாள். அந்தப் பெண் அம்மாவைவிடக் குண்டு. நோமன்சனிடம் அந்தத் துண்டை மறுபடி ஓட்டச் சொன்னேன். "சினிமா பைத்தியம் புடிச்சிருச்சு உனக்கு. அந்தாளு படத்தைப் பார்த்தா யாருக்கும் புடிக்கும்" என்றார், ஆனால் ஓட்டினார்.

வீட்டில் எல்லாம் பழையபடி. அம்மாவின் விரல்கள் இப்போது இன்னும் வேகம். இறாலைப் பார்ப்பதுகூட இல்லை, ஜன்னல் பக்கம் முகத்தை வைத்துக்கொண்டே உரிக்கிறாள். செய்தித்தாளை நிறுத்திவிட்டோம். அச்சு மோசமாகிவிட்டது என்கிறாள். ஊசிக்கு நூல் கோர்ப்பது என் வேலை.

இங்கே காற்று இன்னும் குளிர்கிறது. இடுப்பில் கம்பளி கட்டிக்கொள்ளுங்கள்.

கெர்லிண்டா


மியூனிக்
21 ஜூன் 1959

கெர்லிண்டா கண்ணு,

ரொம்ப நாளாகிவிட்டது. உடம்புக்கு ஒன்றும் இல்லை. கம்பளி கட்டிக்கொண்டுதான் இருக்கிறேன், ஜூன் மாதத்தில்கூட, நீ சொன்னதால்.

உனக்குப் பதில் எழுத மூன்று தடவை உட்கார்ந்து மூன்று தடவையும் பனிமலைப் படத்தைப் பற்றி எழுதிவிட்டேன். அவற்றைக் கிழித்துவிட்டேன். இதோ பதில். ஆமாம், வீப்காதான்.

பதினேழு வயதில் எனக்குச் சமைத்துப் போட பெர்லினுக்கு வந்தாள். உருளைக்கிழங்கைத் தவிர வேறொன்றும் சமைக்கத் தெரியாது. ஆனால் நடந்து போனால் தெரு திரும்பிப் பார்க்கும். அழகு என்று சொல்ல மாட்டேன், அண்ணன்காரன் சொல்லக்கூடாது. என்னவோ ஒன்று இருந்தது. படப்பிடிப்பில் ஆள் குறையும்போது இழுத்து நிறுத்துவேன்.

சினிமாவில் மற்ற எதை மீறினாலும் மன்னிப்பு உண்டு, கேமராவை மட்டும் பார்க்கக் கூடாது. யானைகூட இரண்டு நாளில் கற்றுக்கொள்ளும். உன் அம்மா கற்றுக்கொள்ளவில்லை. கேமரா ஓடத் தொடங்கிய நொடியில் அவள் கண் நேராக என்னிடம் வந்துவிடும். நான் கேமராவுக்குப் பக்கத்தில் நிற்பேன் அல்லவா.

"ஏண்டி பார்த்தே?"

"நீதானே அங்க நிக்கறே. வேற யாரைப் பார்க்கறது?"

"யாரையும் பார்க்காதே!"

"அண்ணன் நிக்கும்போது பார்க்காம இருந்தா மரியாதையில்லை."

ஸ்டூடியோவே சிரிக்கும். அதனால்தான் திருப்பி நிறுத்தினேன். என்னைப் பார்க்க முடியாத எரிச்சலில் அவள் காலைத் தேய்த்துக்கொண்டே நிற்பாள்.

கிணற்றடிப் பெண் யாரென்று எனக்கு நினைவில்லை. நாள் கூலிக்கு வந்த ஒருத்தி. காலைத் தேய்க்க நான்தான் சொல்லிக்கொடுத்தேன். "எதுக்குங்க?" என்று கேட்டாள். "கொசு கடிக்குதுன்னு வெச்சுக்கோ" என்றேன். உன் அம்மா போன பிறகு எடுத்த எல்லாப் படத்திலும் அப்படி ஒருத்தியைக் கொசு கடித்துக்கொண்டிருக்கிறது. இதுவரை யாரும் கவனித்ததில்லை. பத்திரிகைக்காரர்கள் கவனிக்கவில்லை. நீ கவனித்திருக்கிறாய்.

அவளுக்கு ஏன் அச்சு மோசமாகிவிட்டது? கண்ணாடி போட்டுக்கொள்ளச் சொல். எங்கள் குடும்பத்தில் எல்லோருக்கும் நாற்பதில் கண்ணாடி.

நலமாக இரு.

மாமா


ஹூசும்
5 ஜூலை 1959

அன்புள்ள மாமா,

உங்கள் கடிதத்தைக் கூண்டில் உட்கார்ந்து வாசித்துச் சிரித்தேன். டிக்கெட் வாங்க வந்தவர் தன்னைப் பார்த்துத்தான் சிரிக்கிறேன் என்று நினைத்து முகம் சுருங்கினார். இங்கே எல்லோரும் நலம், இந்த வாரம் வெயில்கூட அடித்தது.

ஆனால் ஒன்று. முதுகு காட்டி நிற்க வைத்ததற்காக யாராவது ஒருவர் அண்ணனோடு இத்தனை வருஷம் பேசாமல் இருப்பார்களா? நோமன்சனைக் கேட்டேன். அவர் ரொட்டியைப் பாதியில் வைத்துவிட்டார்.

"உனக்குத் தெரியாதா? உங்கம்மா சொல்லலையா?"

"இல்லை."

"அப்ப நானும் சொல்லக்கூடாது" என்றார். பிறகு சொன்னார். அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்.

"அப்ப எனக்கு இருபது வயசு, இதே ரூம்ல இருந்தேன். பேசற படம் அப்பத்தான் வந்திருந்துது. ஆல்வின் படத்துல வீப்கா பேசறாளாம்னு ஊரெல்லாம் பேச்சு. கப்பல்துறை மாடிப்படியில நின்னு பேசற பெரிய சீனாம். உங்க தாத்தா தெருவையே கூட்டிட்டு வந்துட்டாரு. கசாப்புக்கடைக்காரரு, பாதிரியார் வீட்டம்மா, எல்லாரும் ஞாயித்துக்கெழமை உடுப்புல. உங்கம்மா பெர்லின்ல வாங்கின தொப்பியோட நடுவுல உக்காந்திருந்தா. பின்னாடி இருக்கறவங்களுக்கு மறைக்குதுன்னு தொப்பியைக் கழட்டி மடியில வெச்சுக்கிட்டா. படம் ஓடுது, ஓடுது, முடிஞ்சும் போச்சு. நான் விளக்கைப் போட்டுட்டேன். ஒருத்தரும் எந்திரிக்கலை. உங்க தாத்தா திரும்பி என் ஜன்னலைப் பார்த்து, 'இன்னொரு ரீல் இருக்கும் பாருப்பா'ன்னாரு. 'இல்லைங்க, இவ்வளவுதான்'னேன். அதுக்கப்புறம் உங்கம்மா பெர்லினுக்குத் திரும்பிப் போகலை. இந்தத் திரையரங்கு வாசலையும் மிதிக்கலை."

மாமா, அந்தக் காட்சி இல்லை என்று அம்மாவிடம் யாருமே முன்னால் சொல்லவில்லையா?

இப்படிக் கேட்பது தப்பென்றால் பதில் எழுத வேண்டாம். ஆனால் உடம்பு எப்படி இருக்கிறது என்று மட்டுமாவது எழுதுங்கள்.

கெர்லிண்டா


மியூனிக், தபால் அட்டை
2 ஆகஸ்ட் 1959

கெர்லிண்டா, உடம்பு பரவாயில்லை. சோப்பு ஷூட்டிங். விளக்குச் சூட்டில் நுரை அடங்கிப்போகிறது. முட்டை வெள்ளைக்கருவை அடித்துப் பூசினோம், பிரமாதமாக நிற்கிறது. குளிக்கிற பெண்ணுக்குத்தான் ஈ மொய்க்கிறது. கேட்டதற்கு ஆற அமர எழுதுகிறேன். வீட்டில் எல்லோருக்கும் என் அன்பு. ஆல்வின்.


ஹூசும்
6 செப்டம்பர் 1959

அன்புள்ள மாமா,

ஈ மொய்த்த பெண் நலமா? நாங்கள் இருக்கிறோம்.

உங்கள் அட்டை வந்தபோது நான் வேலையில் இருந்தேன். தபால்காரர் அம்மா கையில் கொடுத்துவிட்டார். வீட்டுக்கு வந்தால் அட்டை மேசைமேல் இருக்கிறது, எதிரே அம்மா.

"இது யார்கிட்டயிருந்து வந்திருக்கு? வாசி."

அட்டையில் உங்கள் பெயர் எவ்வளவு பெரிதாக இருக்கிறது என்று உங்களுக்கே தெரியும். அம்மா அதைத் தன் கையில் வைத்துக்கொண்டு என்னைக் கேட்டாள். எனக்குத் தொண்டை அடைத்தது. பள்ளிக்கூடத்தில் அடைத்தது போலவே. ஆனால் வாசித்தேன். நுரை, முட்டை, ஈ, எல்லாம்.

"சோப்பா?" என்றாள் அம்மா.

"ஆமாம்மா."

"ஆல்வின் சோப்பு விக்கறானா? மலையைப் புரட்டினவன், சோப்பு நுரைக்கு முட்டை அடிக்கறானா?" என்று சிரிக்க ஆரம்பித்தாள். மாமா, அம்மா அப்படிச் சிரித்து நான் பார்த்ததே இல்லை. கண்ணைத் துடைத்துக்கொண்டு மறுபடி சிரித்தாள். நானும் சிரித்தேன். பிறகு சட்டென்று நிறுத்தி, "எத்தனை கடிதாசு போட்டிருக்கே?" என்றாள். சொன்னேன். திட்டவில்லை. "போடு. அவனுக்கும் யாரு இருக்கா. ஆனா..." என்று இன்னொன்று சொன்னாள். அதை எழுதக் கூடாது என்று சத்தியம் வாங்கிக்கொண்டாள். அதனால் எழுதவில்லை.

போன வாரம் இருவரும் கீல் நகரத்துக்குப் போய் வந்தோம். அங்கே பெரிய மருத்துவமனை இருக்கிறது. அக்டோபரில் இன்னொரு முறை போக வேண்டும். சும்மா ஒரு சோதனைதான்.

டீ ஊற்றும்போது கோப்பைக்கு வெளியே ஊற்றிவிட்டு, மேசை சாய்ந்திருக்கிறது என்கிறாள். நான் மேசைக் காலுக்கு அட்டை மடித்து வைத்தேன்.

நீங்கள் ஆற அமர எழுதுவதற்காகக் காத்திருக்கிறேன். கொஞ்சம் சீக்கிரம் ஆற அமரலாம், மாமா.

கெர்லிண்டா


மியூனிக்
27 செப்டம்பர் 1959

கெர்லிண்டா கண்ணு,

அவள் சிரித்தாள் என்ற இடத்தை மட்டும் பல தடவை வாசித்தேன். அன்றைக்கு இடுப்பு வலிக்கவே இல்லை.

உங்கள் திரையரங்கில் நடந்த அந்தச் சாயங்காலத்தைப் பற்றி நான் எழுதப்போவதில்லை. எழுத வராது. படமெடுக்கிறவன் நான். அதனால் ஒரு படத்தை அனுப்புகிறேன்.

மாடிப்படிக் காட்சியை ஒரு நாள் முழுக்க எடுத்தோம். ஒவ்வொரு தடவையும் வீப்கா பேச வேண்டியதைச் சரியாகப் பேசுவாள், கடைசி வார்த்தையில் கண்ணைத் திருப்பி என்னைப் பார்த்துவிடுவாள். சாயங்காலம் இருட்டிக்கொண்டு வந்தது. நான் கத்திவிட்டேன். அதற்கு அவள் என்னைப் பார்த்துச் சிரித்தாள். கேமரா ஓடிக்கொண்டிருந்தது. படத்துக்குள் அது எந்த இடத்திலும் ஒட்டவில்லை. ஆனால் அந்தத் துண்டை நான் எறியவில்லை. குண்டு விழுந்த வருஷங்களில் வீட்டைவிட்டு ஓடியபோது சட்டி பானை, பதக்கம் எல்லாவற்றையும் விட்டுவிட்டு அந்த டப்பாவைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். ஒலி தனிச் சுருளில் இருந்தது, அது எரிந்துவிட்டது. படம் மட்டும் இருக்கிறது. பழைய பிலிம் தீப்பிடிக்கும், தபாலில் வாங்க மாட்டார்கள். புதிய பிலிமில் நகல் எடுத்துவிட்டேன். உங்கள் நோமன்சன் மெஷினில் ஓடும்.

ஒரு சின்னத் துண்டுதான். அவள் முகம் மட்டும். பதினெட்டு வயது. நேராகப் பார்க்கிறாள்.

அக்டோபர் 28 அவள் பிறந்தநாள். அன்றைக்குத்தான் பிரிக்க வேண்டும் என்று பார்சல்மேல் பெரிதாக எழுதியிருக்கிறேன். எழுதாவிட்டாலும் அவள் பிரிக்க மாட்டாள். நாளுக்கு முன்னால் வாழ்த்தினாலே தரித்திரம், பார்சலைத் தொட்டால் கேட்கவே வேண்டாம் என்று வளர்ந்தவர்கள் நாங்கள். உள்ளே என்ன என்று உனக்கு மட்டும் சொல்கிறேன். அன்றைக்கு எப்படியாவது அவளைத் திரையரங்கு வரை நடத்திக்கொண்டு வந்துவிடு.

நாளை நான் போர்ச்சுகலுக்குப் புறப்படுகிறேன். மத்தி மீன் பிடிக்கிற படகில் இரண்டு மாதம், ஆவணப்படம். அறுபத்தைந்து வயதில் மீன் படம் மட்டும்தான் பாக்கி இருந்தது. டிசம்பர் வரை கடிதங்கள் என் வீட்டுக் கதவுக்குப் பின்னால் காத்திருக்கும். வந்ததும் எல்லாவற்றையும் ஒரே மூச்சில் வாசிப்பேன்.

நீயும் அவளும் சுகமாக இருங்கள்.

மாமா


ஹூசும்
11 அக்டோபர் 1959

ஆல்வினுக்கு,

வீப்கா சொல்லச் சொல்ல கெர்லிண்டா எழுதுகிறாள். இறால் முள் குத்தி என் விரல் வீங்கியிருக்கிறது. மற்றபடி நன்றாக இருக்கிறேன். நீயும் நன்றாக இருப்பாய், கெட்டது எதுவும் உன்னை அண்டாது.

பார்சல் வந்தது. 28க்கு முன் பிரிக்காதே என்று கொட்டை எழுத்தில் எழுதியிருக்கிறாயாம். எனக்குப் போய் இதைச் சொல்கிறாயா? முன்கூட்டிப் பிரித்து அம்மாவிடம் அறை வாங்கியவன் நீ. நான் இல்லை. அலமாரிமேல் வைத்திருக்கிறேன். கனம் பார்த்தால் கேக் இல்லை. ஆட்டிப் பார்த்தேன், சத்தமும் இல்லை.

நான் அடுத்த வாரம் கொஞ்சம் வெளியூர் போகிறேன். வந்து பிரிக்கிறேன்.

கெர்லிண்டா நல்ல பெண். கடைக்குப் போனால் வாயைத் திறக்க மாட்டாள், கடிதத்தில் மூடமாட்டாள் போலிருக்கிறது. அவளிடம் என்னைப் பற்றி எதையெதையோ சொல்லி வைத்திருக்கிறாய். யானைகூட இரண்டு நாளில் கற்றுக்கொள்ளும் என்றாயாமே. யானைக்கு அண்ணன் இல்லை.

மீன் படகில் ஓரமாக நிற்காதே. உனக்கு நீச்சல் தெரியாது. போலீஸ்காரனாக விழுந்தபோதே தெரியும்.

வீப்கா


ஹூசும்
18 அக்டோபர் 1959

அன்புள்ள மாமா,

இந்தக் கடிதம் உங்கள் கதவுக்குப் பின்னால் டிசம்பர் வரை கிடக்கும் என்று தெரியும். யாரிடமாவது சொல்ல வேண்டும், அதனால் எழுதுகிறேன். நீங்கள் இப்போது எந்தக் கடலில் இருந்தாலும் பத்திரமாக இருங்கள்.

அம்மா சுகம் என்று நான் எழுதியது பொய். அம்மாவின் கண் போய்க்கொண்டிருக்கிறது. உள்ளே அழுத்தம் ஏறி ஓரங்களிலிருந்து மூடிக்கொண்டு வருகிறதாம். இப்போது சாவித்துவாரம் வழியாகப் பார்ப்பதுபோல நடுவில் கொஞ்சம் மட்டும் தெரிகிறது. வரும் செவ்வாய்க்கிழமை கீலில் ஆபரேஷன். "இருக்கற பார்வை நிக்கலாம். அதுவும் போகலாம்" என்று டாக்டர் சொன்னார். இரண்டையும் ஒரே குரலில் சொன்னார். இதை உங்களுக்கு எழுதக் கூடாது என்றுதான் அம்மா சத்தியம் வாங்கியிருந்தாள். "அவன் என்னைப் பார்க்க வந்தா, பாவப்பட்டு வந்ததா இருக்கக் கூடாது" என்றாள்.

நான் முன்னமே எழுதியிருந்தால் நீங்கள் பார்சலில் வேறு தேதி போட்டிருப்பீர்கள்.

நாளைக் காலை ரயில். இன்று காலைக் காட்சி முடிந்ததும் திருமதி பாய்சனிடம் போனேன். அவர் கணக்குப் பார்த்துக்கொண்டிருந்தார். கண்ணாடிக்குப் பின்னால் இல்லாமல் அவர் எதிரே நின்று நான் பேசியது இதுதான் முதல் தடவை.

"ஒரு சின்ன ரீல் ஓட்டணும். எங்கம்மாவுக்கு மட்டும். இன்னைக்கே."

"வீப்கா இங்க வருவாளா?" என்றார்.

"வருவாங்க."

அவர் மேலே பார்த்து, "நோமன்சன், மெஷினை அணைச்சிடாதே! இருபத்தெட்டு வருஷத்துக்கு அப்புறம் ஒரு கஸ்டமர் திரும்பி வராங்க" என்று கத்தினார்.

வீட்டுக்கு ஓடினேன். அம்மா கீலுக்குக் கொண்டுபோகும் பையில் துணிகளை மடித்து வைத்துக்கொண்டிருந்தாள், தடவித் தடவி.

"அம்மா, மாமா பார்சலை இப்பப் பிரிக்கலாம்."

"இருபத்தெட்டாம் தேதி."

"நாளைக்கு ஊருக்குப் போறோம்."

"அதான் சொல்றேன். ஆபரேஷனுக்கு முன்னாடி பொறந்தநாள் பார்சலைப் பிரிக்கறதா? வேற வினையே வேண்டாம். உனக்குப் புத்தி கெட்டுப்போச்சா?"

"அதுக்குள்ள நீ இருக்கே."

அம்மா மடிப்பதை நிறுத்தினாள்.

"மாடிப்படி சீன். உன் முகம். மாமா அதை எறியலை. குண்டு விழுந்தப்ப அதை மட்டும் தூக்கிட்டு ஓடினாராம். பாய்சன் அம்மாகிட்டக் கேட்டுட்டேன், நோமன்சன் காத்திட்டிருக்காரு."

அம்மா கட்டிலில் உட்கார்ந்தாள்.

"பேசறேனா அதுல?"

"சத்தம் எரிஞ்சு போச்சாம். படம் மட்டும்தான்."

"அப்ப காதால கேட்டுக்க முடியாது."

"முடியாதும்மா."

"பரவாயில்லை. இருபத்தெட்டு வரைக்கும் இருக்கும் இந்தக் கண்ணு."

"இல்லைன்னா?"

"இல்லைன்னா நீ பார்த்துச் சொல்லு. அட்டையை வாசிச்சியே, அந்த மாதிரி."

"சொல்ல மாட்டேன்" என்றேன்.

மாமா, அம்மாவை எதிர்த்து நான் ஒரு வார்த்தை பேசினதில்லை. என் குரல் எனக்கே யாருடையதோ போல இருந்தது. நாற்காலியை இழுத்துப்போட்டு ஏறி பார்சலை இறக்கினேன். உங்கள் கொட்டை எழுத்தின்மேல் கத்தரியை வைத்தேன். கயிறு தெறித்த சத்தத்தில் அம்மா எழுந்து நின்றுவிட்டாள்.

"வெட்டிட்டியா?"

"வெட்டிட்டேன்."

"நாளுக்கு முன்னாடி வெட்டிட்டியேடி. ஏதாவது ஆச்சுன்னா?"

"ஆச்சுன்னா என் தலையில ஆகட்டும்."

அம்மா என் பக்கம் திரும்பினாள். எனக்கு நேராக இல்லை, கொஞ்சம் தள்ளி. நான் நகர்ந்து அந்த இடத்தில் போய் நின்றேன். அம்மா என்னைப் பார்த்தாள். பிறகு கையால் தலைமுடியை ஒதுக்கிக்கொண்டாள்.

நான் அம்மாவின் மேல்கோட்டை எடுத்து விரித்துப் பிடித்தேன்.